படக்கருவியின் முன் ஒரு திருச்சபை

பிறர் குறையை உள்ளபடியே எடுத்துக்காட்டுவது வாய்மையைச் சாருமா, இன்னா செய்தலைச் சாருமா என்பது பழைய வினா. எழுதுவோர் யாவரும் இதனைச் சந்தித்தே தீரவேண்டும். ஆயினும் ஆவணப்படம் எடுப்போருக்கு இவ்வினா மேலும் கூர்மையாகிறது. எழுத்தில் பெயரை மறைத்துவிடலாம். படத்தில் முகத்தை மறைத்தால் படமே இல்லை. இதனை எண்ணிப் பார்க்க, 1966இல் அமெரிக்காவில் வெளிவந்த 'எ டைம் ஃபார் பர்னிங்' என்னும் 58 நிமிடப் படம் நமக்குத் துணையாகும்.

லூத்தரன் என்னும் பெயர் தமிழருக்குப் புதிதன்று. 1706இல் தரங்கம்பாடியில் வந்திறங்கிய சீகன்பால்கு அம்மரபினரே. அமெரிக்காவிலுள்ள லூத்தரன் சபையினர் தமக்கெனத் திரைப்பட அமைப்பு ஒன்றை நடத்தினர். இனப் பாகுபாட்டைத் தம் சபைகள் எவ்வாறு எதிர்கொள்கின்றன எனக் காட்ட விரும்பிய அவ்வமைப்பு, பில் ஜெர்சி, பார்பரா கானல் ஆகிய இருவரிடம் பணியை ஒப்படைத்தது. அவர்கள் நெப்ராஸ்கா மாநிலத்து ஒமாஹா நகரின் அகஸ்டானா ஆலயத்தைத் தேர்ந்தனர். வெள்ளையர் மட்டுமே உறுப்பினராயிருந்த, பழமை பேணும் சபை அது.

அதன் போதகர் வில்லியம் யங்டால் கேட்டது மிகச் சிறிய காரியம். விருப்பமுள்ள தம்பதியர் சிலர், அதே நகரில் வாழும் கறுப்பின லூத்தரன் குடும்பங்களோடு ஒருவர் இல்லத்திற்கு ஒருவர் சென்று அளவளாவி வரவேண்டும், அவ்வளவே. எவரையும் அவர் கட்டாயப்படுத்தவில்லை. அதற்கே சபை கலங்கியது. படத்தில் வெறுப்புரை பேசுவோரைத் தேடினால் ஏமாற்றமே மிஞ்சும். யாவரும் கண்ணியமாகவே பேசுகின்றனர். கருத்து நல்லதுதான், காலம் இன்னும் கனியவில்லை, சபை பிளவுபட்டுவிடும் என்பனவே அவர்தம் வாதங்கள். முடிவில் போதகர் பதவி விலக நேர்ந்தது.

இம்மனிதரை உலகறியக் காட்டியது முறையா? அவர்கள் இசைவு தந்தனர் என்பது உண்மையே. ஆனால் இசைவு தருபவர், பிறர் கண்ணுக்குத் தாம் எவ்வாறு தோன்றுவோம் என்பதை அறிந்தா தருகிறார்? தம்மை நியாயவானாகவே கருதிப் பேசியவர், திரையில் வேறொருவராகத் தெரியக்கூடும். ஆகவே இசைவு ஒன்றே போதும் என்று நாம் ஒப்பமாட்டோம். எடுத்தவரின் ஒழுக்கத்தையும் பார்க்கவேண்டும்.

இப்படத்தில் இடையே புகுந்து தீர்ப்புக் கூறும் விளக்கவுரை கிடையாது. முதலில் தயங்கி எதிர்த்த உறுப்பினர் ஒருவர், சிந்தித்து, தம் மனச்சான்றோடு போராடி, மெல்ல மெல்லப் போதகரின் பக்கம் வந்து நிற்கிறார். அம்மாற்றம் அவர் முகத்திலேயே தெரிகிறது. ஒருநாட் பேச்சை மட்டும் எடுத்துக்கொண்டு படக்குழுவினர் ஊர் திரும்பியிருந்தால், அவரும் எதிர்ப்பாளராகவே என்றும் நின்றிருப்பார். சொன்னது உண்மை, காட்டியது உண்மை, ஆயினும் மனிதருக்கு அது பொய்யாகியிருக்கும். காத்திருக்கும் பொறுமையையே இக்கலையின் முதல் அறமாக நாம் கொள்கிறோம்.

நல்லெண்ணம் கொண்ட போதகரையும் படம் காத்து நிற்கவில்லை. எர்னி சேம்பர்ஸ் என்னும் கறுப்பின இளைஞரின் முடிதிருத்தகத்திற்கு அவர் செல்கிறார். கிறிஸ்தவரின் சொல்லுக்கும் செயலுக்கும் இடையிலுள்ள தொலைவைச் சேம்பர்ஸ் தயவின்றி எடுத்துரைக்கிறார். போதகர் பெரும்பாலும் கேட்டுக்கொண்டே இருக்கிறார். படத்தின் உயிர் இக்காட்சியில்தான் இருக்கிறது. (அந்த முடிதிருத்துநர் 1970இல் மாநிலச் சட்டமன்றத்திற்குத் தேர்ந்தெடுக்கப்பட்டுப் பல்லாண்டு பணியாற்றினார்.)

பணம் கொடுத்து எடுக்கச் செய்த அமைப்பு, விளைவைக் கண்டதும் படச்சுருளைப் பெட்டியில் பூட்டியிருக்கலாம். அவ்வாறு செய்யவில்லை. மூன்று பெரும் வணிகத் தொலைக்காட்சி நிறுவனங்கள் மறுத்தபோதிலும், கல்வித் தொலைக்காட்சி வழியே படம் மக்களை அடைந்தது; ஆஸ்கார் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டது; 2005இல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டிலும் இடம்பெற்றது. தன் தோல்வியைத் தானே வெளியிட்ட சமய அமைப்பு பாராட்டுக்குரியது. ஆயினும் அந்நேர்மைக்கு விலை கொடுத்தோர் ஒமாஹாவின் எளிய குடும்பத்தினரே என்பதையும் மறத்தல் ஆகாது.

அவர்களைக் காக்கவென்று படத்தை மறைத்திருந்தால்? விருந்தாக வர இசைந்தும் வரவேற்கப்படாத கறுப்பினக் குடும்பங்களின் துயர், நிகழ்ந்ததே அறியாமல் போயிருக்கும். இருவகைத் துன்பத்தையும் எடையிட்டால், படம் வெளிவந்ததே சரி என்பது நம் கருத்து.

எனினும் ஓர் உறுத்தல் எஞ்சுகிறது. காலம் கனியவில்லை என்றவர்களுள் எவரேனும் பின்னாளில் மனம் மாறியிருக்கலாம். படம் அதை அறியாது. அந்த 58 நிமிடங்களுக்குள் மாறியவர் மாறியவராகத் தெரிகிறார். ஏனையோர் இன்றும் அதே கூடத்தில் அமர்ந்து அதே மறுப்பைச் சொல்லிக்கொண்டிருக்கின்றனர்.