துபாஷியின் நாவு



காரியம் இப்படி என்று வைத்துக்கொள்ளுவோம். தியாகராய நகரில் ஒரு துணி ஏற்றுமதிக் கம்பெனி. இஸ்தான்புல் பட்டணத்திலிருந்து ஒரு துருக்கி வியாபாரி சரக்குப் பார்க்க வந்திருக்கிறார். அவருக்குத் தமிழ் தெரியாது, இங்கிலீஷும் அரைகுறை. முதலாளிக்குத் துருக்கி பாஷை தெரியாது. நடுவில் உட்கார்ந்திருக்கிறான் அந்தப் பாஷை படித்த ஒரு வாலிபன். வந்தவர் தம் நாட்டு வழக்கப்படி முதலில் தேநீர் அருந்தி, குடும்ப க்ஷேமம் விசாரித்து, சாவகாசமாகப் பேசுகிறார். முதலாளிக்குப் பொறுக்கவில்லை. "இவர் டீ குடிக்க வந்தாரா, சரக்கு வாங்க வந்தாரா?" என்று தமிழில் முணுமுணுக்கிறார். வாலிபனோ, "தாங்கள் வந்ததில் முதலாளிக்கு ரொம்பச் சந்தோஷம்" என்று துருக்கியில் சொல்லிவைக்கிறான். பிறகு வந்தவர், சாயம் நிற்குமா என்று கேட்கிறார். "நாலு தடவை துவைத்தால் வெளுத்துவிடும்; நிற்கும் என்றே சொல்லிவிடு" என்கிறார் முதலாளி. சாயங்காலம் வந்தவரும் அவனைத் தனியே அழைத்து, "விலையைக் கொஞ்சம் இறக்கிக் கொடு, உன்னையும் கவனிக்கிறேன்" என்கிறார்.

இவன் யாருடைய ஊழியன்? சம்பளம் கொடுக்கிறவனுடையவனா, தன் வாயை நம்புகிறவனுடையவனா?

இந்தக் கேள்வி நம் பட்டணத்துக்குப் புதிதல்ல. 1639-இல் கும்பினியார் இங்கே இடம் வாங்கினபோது பிரான்சிஸ் டேயுக்குத் துணையாக நடுவில் நின்று பேசியவர் பேரி திம்மப்பா. அது முதற்கொண்டு இருநூறு வருஷ காலம் சென்னை வியாபாரமெல்லாம் துபாஷிகளின் நாவிலேதான் நடந்தது. துபாஷி என்றால் இரண்டு பாஷைக்காரன். வெள்ளைக்காரனுக்கு நெசவாளி பேசுவது புரியாது, நெசவாளிக்குக் கும்பினிக் கணக்குப் புரியாது. இருவருக்கும் புரிந்தவன் இவன் ஒருவனே. புதுச்சேரியில் டூப்ளே துரையின் துபாஷியாயிருந்த ஆனந்தரங்கம் பிள்ளை 1736 முதல் 1761 வரை எழுதிவைத்த நாட்குறிப்பைப் பார்க்கிறவர்கள், அந்த ஸ்தானத்துக்கு எவ்வளவு மரியாதை, எவ்வளவு பயம், எவ்வளவு ஆசைகாட்டுதல் இருந்தது என்று அறிவார்கள். பச்சையப்ப முதலியார் (1754–1794) அந்தத் தொழிலில் தேடிய பொருளைத் தருமத்துக்கு எழுதிவைத்தார். 1842-இல் தொடங்கிய பள்ளிக்கூடம் அதன் பலன். அதே காலத்தில் இன்னொரு துபாஷி, அவதானம் பாப்பையா. கவர்னர் பதவி வகித்த ஹாலண்டு சகோதரர்களுக்கு வலது கையாயிருந்தவர். ஹாலிபர்ட்டன் என்ற கும்பினி உத்தியோகஸ்தரைக் கெடுக்கச் சதி செய்தார் என்று 1792-இல் நியாயஸ்தலத்தில் குற்றவாளியாகத் தீர்க்கப்பட்டார். சூளையில் ஒரு சாலைக்கு இன்னமும் அவர் பெயர்தான்! ஊர் மறக்கிற விதமே தனி.

துருக்கியிலும் இதே கதை. அங்கே கான்ஸ்டாண்டிநோபிள் அரண்மனையிலும், அந்நிய ஸ்தானாபதிகளின் வீடுகளிலும், துறைமுகத்து வியாபாரிகளிடத்திலும் இருந்த மொழிபெயர்ப்பாளரை ஐரோப்பியர் 'டிராகோமான்' என்று அழைத்தார்கள். இங்கிலீஷ் வியாபாரிகளுக்கு 1580-இல் அங்கே வர்த்தக உரிமை கிடைத்தது. அந்த உரிமையைக் கொடுத்த சுல்தான் மூன்றாம் முராத் (1574–1595) எலிசபெத்து ராணிக்கு எழுதிய ஒரு கடிதத்தில், ராணியை ஏறக்குறையத் தமக்கு அடிமைப்பட்டவள் என்று பேசும் துருக்கி வார்த்தைகள் இருக்கின்றன. அதையே இத்தாலிய பாஷையில் ராணிக்குக் கொண்டுபோன மொழிபெயர்ப்பில் மனப்பூர்வமான சிநேகிதம் என்ற மட்டில் முடிந்துவிட்டது. இரண்டு ராஜாங்கங்களும் தத்தம் பெருமை குறையாமல் சந்தோஷமாய் வியாபாரம் செய்தன. மொழிபெயர்த்தவன் சமாதானம் பண்ணினான் என்று புகழுவதா, இருவரையும் ஏமாற்றினான் என்று இகழுவதா?

எனக்குத் தோன்றுவது இது. கோபத்தில் வந்த முணுமுணுப்பை அந்தப் பக்கம் கொண்டுபோகாமல் விடுவது பாவமல்ல. அது அவருக்கென்று சொல்லப்பட்ட வார்த்தையே அல்ல. ஆனால் இல்லாத சந்தோஷத்தை இருப்பதாகச் சொன்னது வேண்டாத பொய். சும்மா இருந்திருந்தால் போதும். சாயத்தின் சங்கதியோ வேறு. "நான் முதலாளியின் வாய்தானே, வார்த்தை அவருடையது" என்று அந்த வாலிபன் தப்பித்துக்கொள்ள முடியாது. பொய் என்று அறிந்தே கொண்டுபோகிறவன் மோசத்துக்கு உடந்தை. அது எட்டாம் கற்பனையோடு நிற்காமல் ஏழாம் கற்பனையையும் மீறுவதாகும். ஏனெனில் அயலானுடைய பணம் போகிறது. பாவசங்கீர்த்தனத்தில் சொல்லிவிட்டால் மட்டும் தீராது, தன் பங்குக்கு ஏற்ற ஈடு செய்யக் கடமையுண்டு. "இந்தக் கேள்விக்கு வேறு ஆளை வைத்துப் பதில் சொல்லிக்கொள்ளுங்கள்" என்று அவன் எழுந்துகொள்ளலாம். வேலை போகும் என்றால்? போகலாம், வீட்டில் அடுப்பு எரியவேண்டுமே என்ற கவலையை லேசாக நினைத்து இதை எழுதவில்லை. ஆனால் பயத்தால் குற்றத்தின் பாரம் குறையுமேயன்றி, பொய் மெய்யாகாது.

சாயங்காலத்துக் கையூட்டும் அப்படியே. பழைய துபாஷிகள் தஸ்தூரி வாங்கினார்கள். இரு பக்கமும் அறிந்து கொடுத்தால் அது கூலி. ஒரு பக்கத்துக்கு மறைத்து வாங்கினால், அவன் விற்றது துணியை அல்ல, முதலாளி தன்மேல் வைத்த நம்பிக்கையை.

இனி வேத காரியத்துக்கு வருகிறேன். இதே நாவுதான் அங்கும் வேண்டியிருந்தது. அர்ச். சவேரியார் 1542-இல் முத்துக்குளித்துறைக்கு வந்தபோது அவருக்குத் தமிழ் தெரியாது. இரு பாஷையும் ஒருவாறு தெரிந்தவர்களைக் கூட்டி ஜெபங்களை மொழிபெயர்ப்பித்து, அவற்றை மனப்பாடம் பண்ணி ஜனங்களுக்குச் சொல்லிக்கொடுத்தார். விசுவாசப்பிரமாணத்தில் 'விசுவசிக்கிறேன்' என்று வரவேண்டிய இடத்தில் அவர்கள் 'எனக்கு வேணும்' என்று போட்டிருந்தார்கள். மாதக்கணக்கில் கரையோரமெங்கும் ஜனங்கள் சர்வேசுரன் எனக்கு வேணும் என்று பக்தியோடு சொல்லி வந்தார்கள். தப்பு தெரிந்ததும் சவேரியார் மூடிவைக்கவில்லை. 1544-இல் தம் துணைவர் மான்சிலாசுக்கு எழுதி, அந்தச் சொல்லை மாற்றச் சொன்னார். கர்த்தர் பாடுபட்டதைச் சொல்லுமிடத்தில் வலுக்கட்டாயம் என்று பொருள்படும் ஒரு சொல்லையும், அவர் மனமுவந்தே பாடுபட்டார் என்பதால், நீக்கச் சொன்னார். மறுவருஷம் இதே மயிலாப்பூரில் அர்ச். தோமையார் கல்லறையண்டை மாதக்கணக்கில் தங்கி ஜெபித்த அந்த அர்ச்சியசிஷ்டவருக்கு ஒரு சொல் இவ்வளவு பாரமாயிருந்தது!

அன்றியும் மொழிபெயர்ப்பின் நேர்மை, செய்கிறவன் எந்த வேதத்தைச் சேர்ந்தவன் என்பதைப் பொறுத்ததல்ல. துருக்கி பாஷையில் வேதாகமம் முழுவதையும் 1660-களில் மொழிபெயர்த்த அலி உஃப்கி, போலந்து தேசத்தில் பிறந்து, சிறைபிடிக்கப்பட்டு, இஸ்லாமாகி, சுல்தானிடம் டிராகோமானாயிருந்தவர். டச்சுக்காரர் கேட்டுக்கொண்டதன்பேரில் செய்தார். நெடுங்காலம் கையெழுத்தாகவே கிடந்த அந்த வேலை, திருத்தப்பட்டு 1827-இல் பாரீசில் முழுவதும் அச்சேறியபோது கிறிஸ்தவர்கள் அதை வாங்கிப் படித்தார்கள்.

ஏற்றுமதிக் கம்பெனியில் நமக்கு என்ன வேலை என்று சிலர் நினைக்கலாம். ஆனால் நம் வீடுகளிலேயே துபாஷிகள் இருக்கிறார்கள். அடையாறு, மயிலாப்பூர் ஆஸ்பத்திரிகளில் தினமும் நடக்கிற காரியத்தைப் பாருங்கள். வயதான தாயார் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். டாக்டர் அந்த அம்மாளின் தலைக்கு மேலே மகனிடம் இங்கிலீஷில் பேசுகிறார். புற்றுநோய், பரவிவிட்டது, சில மாதங்கள் என்கிறார். தாயார் மகனுடைய முகத்தைப் பார்த்து, "டாக்டர் என்னப்பா சொல்றார்?" என்கிறார். "ஒன்றுமில்லை அம்மா, வெறும் புண், மருந்திலே ஆறிவிடும்" என்கிறான் மகன்.

அவன் பாசத்தால் சொல்லுகிறான், லாபத்துக்கல்ல. ஆகையால் சாயப் பொய்யோடு இதை ஒரே தராசில் வைக்கமாட்டேன். ஆனாலும் எடுத்துக்கொண்டது யாருடையதை? அந்த அம்மாளுக்கு ஒரு தங்கை இருக்கலாம், பத்து வருஷமாய்ப் பேச்சுவார்த்தை இல்லாமல். எழுதவேண்டிய பத்திரம் இருக்கலாம். பாவசங்கீர்த்தனம் பண்ணி, நன்மை வாங்கி, நோயில் பூசுதல் பெற ஆசை இருக்கும். முன்னாளில் அதை அவஸ்தைப்பூசுதல் என்றோம். அந்தப் பெயருக்குப் பயந்தே பல வீடுகளில், நினைவு தப்பினபிறகுதான் குருவுக்கு ஆள் அனுப்புகிறார்கள். மிஞ்சியிருக்கும் அந்தச் சில மாதங்கள் தாயாருடையவை. அவற்றை மறைத்துவைக்க மகனுக்கு உரிமை இல்லை.

எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டவேண்டும் என்று சொல்லவில்லை. அந்த அம்மாள் கேட்காததை அன்றே சொல்லத் தேவையில்லை. வீட்டுக்குப் போய், கையைப் பிடித்துக்கொண்டு சொல்லலாம். இரண்டு நாளில், மூன்று பேச்சில் சொல்லலாம். கேட்டதற்கு மாறாகச் சொல்லலாகாது, அவ்வளவே. "கட்டி கொஞ்சம் கெட்ட கட்டிதான் அம்மா என்கிறார். வலிக்கு மருந்து இருக்கிறதாம். உங்களுக்கு என்ன கேட்கவேண்டுமோ கேளுங்கள், நான் டாக்டரிடம் கேட்டுச் சொல்கிறேன்." பிறகு தாயார் என்ன கேட்டாலும், அதையும் கூட்டாமல் குறைக்காமல் டாக்டரிடம் கேட்கவேண்டும்.