முதுமையில் ஊர் பெயர்தல்

மலரில் ஸ்தல மாஹாத்ம்யம் எழுதுவதே அடியேனுக்கு வழக்கம். இவ்வாண்டு வேறொன்றை எழுத நேர்ந்தது. சில வருஷங்களுக்கு முன் அடியேன் சொன்ன ஒரு வார்த்தை இன்றுவரை மனத்தை உறுத்திக்கொண்டிருப்பதே அதற்குக் காரணம்.

ரெயில்வேயில் பணியாற்றி ஓய்வுபெற்ற பெரியவர் ஒருவர், தம் தர்மபத்னியுடன் சனிக்கிழமை தவறாமல் ஸந்நிதிக்கு வருவார். ஒரே பிள்ளைக்கு மலேசியாவில் உத்யோகம். பிள்ளையின் சிறிய வீட்டில் பாரமாக இருக்க இவர்களுக்கு மனமில்லை. இங்கே இரண்டு பேராக வாசற்கதவைப் பார்த்துக்கொண்டிருக்கவும் மனமில்லை. பினாங்கில், ஓய்வுபெற்றவர்கள் மாதக்கணக்கில் தங்கும் விடுதியொன்றில் அறை எடுத்துக்கொண்டு, பிள்ளைக்கு அருகிலும் பிள்ளைக்குச் சுமையாகாமலும் இருக்கலாம் என்று எண்ணினார்கள். "ஸ்வாமி, இந்த வயதில் இப்படிப் போவது தர்மந்தானா? தேவரீர் ஒரு வார்த்தை சொன்னால் போதும்" என்று கேட்டார். "கட்டிய வீடும் கும்பிட்ட பெருமாளும் இங்கே இருக்க, அந்நிய தேசத்தில் ஓட்டல் அறையிலா கடைசிக் காலம்?" என்று அடியேன் சொல்லிவிட்டேன். அவர்கள் போகவில்லை. இரண்டு வருஷத்தில் அந்த அம்மாள் பரமபதித்தார்.

போயிருந்தால் பிழைத்திருப்பார் என்று சொல்ல வரவில்லை. ஆயுள் நம் கையில் இல்லை. ஆனால் அடியேன் சொன்னது சாஸ்த்ரமா, அல்லது அடியேனுடைய பயமா என்று பிறகு யோசித்தேன். மநு ஸ்ம்ருதியின் ஆறாம் அத்யாயம், க்ருஹஸ்தன் தன் உடலில் திரையையும் தலையில் நரையையும் கண்டு, பிள்ளைக்குப் பிள்ளையையும் கண்டபின் வனத்தை நாடலாம் என்கிறது. பத்னியை உடன் அழைத்துப் போகவும் இடம் தருகிறது. பாடசாலையில் இதைப் படித்தபோது, மான் தோலும் கமண்டலமுமே கண்முன் நின்றன. வனம் என்பது எது? தன் பெயரில் பட்டா இல்லாத இடம். தான் அதிகாரம் செய்து பழகிய மனிதர்கள் இல்லாத இடம். அப்படிப் பார்த்தால் வாடகை அறைக்கும் அதில் ஒரு பங்கு உண்டு. 'அந்நிய தேசம்' என்ற சொல்லும் அவ்வளவு உறுதியானதன்று. 1960-இல் நம் பகுதி சித்தூர் ஜில்லாவிலிருந்து பிரிந்து சென்னை ராஜ்யத்தோடு சேர்ந்தபோது, வீட்டுத் திண்ணையிலிருந்து எழுந்திராமலே நம் பெரியவர்கள் ராஜ்யம் மாறினார்களே!

எல்லாவற்றுக்கும் மேலாக, எம்பெருமானார் செய்ததை அடியேன் எப்படி மறந்தேன் என்பதுதான் தெரியவில்லை. 1017-இல் ஸ்ரீபெரும்பூதூரில் அவதரித்தவர், சோழனுடைய உபத்ரவத்தால் திருவரங்கத்தைவிட்டு வெள்ளையுடுத்துப் புறப்பட்டபோது அவருக்கு எண்பது பிராயம் என்பது குருபரம்பரை வழக்கு. நித்யமும் அரங்கனை ஸேவித்த திருக்கண்கள், ஊரெல்லாம் சிஷ்யர்கள், கோயில் நிர்வாகம் முழுவதும் அவர் வகுத்தது. இவற்றையெல்லாம் விட்டு, பாஷையும் வேறான ஹொய்சள நாட்டுக்கு நடந்தார். வழியில் காட்டு வேடர்கள் கொடுத்த தேனும் தினையுமே அந்தக் கோஷ்டிக்கு ஆஹாரமாயிற்று. கூரத்தாழ்வானுக்கு நேர்ந்த துன்பத்தைத் தூரத்திலிருந்து கேட்டுத் துடிக்கவும் வேண்டியிருந்தது.

அங்கே போய் அவர் நாளை எண்ணிக்கொண்டிருக்கவில்லை. தொண்டனூரில் விஷ்ணுவர்த்தனனுடைய ஆதரவு கிடைத்தது. மேல்கோட்டையில் புதையுண்டிருந்த திருநாராயணனைக் கண்டெடுத்து ப்ரதிஷ்டை செய்தார். ஆராதனத்துக்கு முறை வகுத்தார். அக்காலத்தில் ஊருக்குப் புறம்பாக வைக்கப்பட்டிருந்தவர்களுக்குத் திருக்குலத்தார் என்று பெயரிட்டு ஆலயப் ப்ரவேசம் தந்தார். திருவரங்கத்தில் செய்து முடித்த காரியங்களின் மிச்சமாக இது தோன்றவில்லை. எண்பதுக்குமேல் தொடங்கிய புதுக் காரியமாகவே தோன்றுகிறது. பன்னிரண்டு வருஷம் கழித்து அவர் திரும்பப் புறப்பட்டபோது, பிரிவாற்றாத அவ்வூரார்க்காகத் தம் விக்ரஹத்தை விட்டுச் சென்றார். பிறந்த ஊரில் இருப்பது தானுகந்த திருமேனி. திருவரங்கத்தில் இருப்பது தானான திருமேனி. மேல்கோட்டையில் இருப்பதற்குத் தமருகந்த திருமேனி என்று பெயர். வந்தேறியாக வந்த முதியவர் அங்கே 'தமர்' என்று சொல்லத்தக்கவர்களைப் பெற்றுவிட்டார் என்பதை அந்தப் பெயரே காட்டுகிறது.

அவர் ஆசார்யர், அவதாரம். நமக்கு அது எட்டுமா என்று கேட்பவர்களும் உண்டு. நம் காலத்தையே பார்க்கலாம். கல்கத்தாவில் மருந்து வியாபாரம் செய்து, குடும்பம் நடத்தி, பிற்காலத்தில் ஸந்யாஸம் பெற்ற பக்திவேதாந்த ஸ்வாமி, 1965-இல் அறுபத்தொன்பதாம் வயதில் சரக்குக் கப்பலேறி அமெரிக்கா போனார். கடலில் மாரடைப்பு கண்டது. நியூயார்க்கில் பிறர் தந்த அறைகளில் ஒண்டியிருந்து, மறு வருஷம் ஒரு கடையறையில் தம் ஸங்கத்தைத் தொடங்கினார். ஸம்ப்ரதாயம் வேறாயினும், முதியவர் ஒருவருடைய மனத்திண்மையை மெச்சத்தானே வேண்டும்?

விடுதி வாஸத்தில் தோஷமே இல்லை என்று அடியேன் சொல்லவில்லை. ஆசாரம் கெடும், தளிகைக்கு வசதி இராது என்பன உண்மையே. ஆனால் அவை சிறிய தோஷங்கள். மணியடித்தால் காபி வரும், படுக்கையைப் பிறர் மடிப்பார்கள். தன்னால் ஒருவருக்கும் ஒன்றும் ஆக வேண்டியதில்லை என்ற நிலை வந்துவிடும். அதுவே பெரிய தோஷம். 2011-இல் வெளிவந்த ஓர் ஆங்கிலப் படத்தைப் பற்றிச் சென்னை அன்பர் ஒருவர் விவரமாகச் சொன்னார். இங்கிலாந்தில் ஓய்வுபெற்ற முதியோர் சிலர் ஜெய்ப்பூரில் பாழடைந்த ஒரு விடுதிக்கு வந்து தங்குகிறார்களாம். அவர்களில், இடுப்புச் சிகித்ஸைக்காக வந்து எல்லோரையும் கடிந்துகொண்டிருந்த கிழவி, கடைசியில் அந்த விடுதியின் கணக்கையே எடுத்து நடத்தத் தொடங்குகிறாளாம். கதைதான். ஆயினும் விருந்தாளியாக வந்தவள் கைங்கர்யத்துக்கு வந்துவிட்டாள் என்றே அடியேனுக்குப் பட்டது.

எல்லோரும் புறப்பட வேண்டும் என்பதும் இல்லை. நம் பக்கத்துத் திருக்கடிகையில் வாழ்ந்த தொட்டாசார்யர், வைகாசி கருடஸேவைக்கு ஆண்டுதோறும் காஞ்சிக்குப் போய்வந்தவர். உடல் இடங்கொடாத ஓராண்டில் தக்கான் குளக்கரையில் நின்று உருக, பேரருளாளன் அங்கேயே கருடன்மேல் வந்து ஸேவை ஸாதித்தான். காஞ்சியில் இன்றும் அந்த வேளையில் பெருமாளைக் குடைகளால் ஒரு க்ஷணம் மறைக்கிறார்கள். இந்த வரலாற்றைத்தான் அன்று அடியேன் அந்தப் பெரியவருக்குச் சொல்லி, இருந்த இடத்திலேயே எல்லாம் கிடைக்கும் என்று முடித்தேன். முடிந்தவரை போய்க்கொண்டேயிருந்தவருக்குக் கிடைத்த ஸேவை அது என்பதைச் சொல்லாமல் விட்டேன்.

பெரியவர் இப்போது தனியாக வருகிறார். சென்ற மாதம் கொடிமரத்தடியில் நின்று, பாஸ்போர்ட்டைப் புதுப்பிக்க மனுப் போட்டிருப்பதாகவும், உற்ஸவம் முடிந்ததும் ஒன்று கேட்க வேண்டும் என்றும் சொன்னார். என்ன கேட்பார் என்பது தெரியும். திருமண்ணும் துளசி விதையும் ஒரு பொட்டலமாகக் கட்டி, மடைப்பள்ளி அலமாரியில் எடுத்து வைத்திருக்கிறேன்.