புதுமரத்தின் பொய்முதுமை

ஜொகூர் மாநிலத்தின் பெக்கோக், ரப்பரும் செம்பனையும் சூழ்ந்த சிற்றூர். இத்தகைய ஊர்களில் ரப்பர் மரம் ஏறத்தாழ 25 ஆண்டுகள் வளர்ந்து, பால் வற்றியபின் வெட்டப்படும். ஒரு காலத்தில் பெரிதும் விறகாக எரிந்த அம்மரம், 1980ஆம் ஆண்டுகள் தொட்டு நாற்காலியும் மேசையும் ஆகி உலகச் சந்தைக்குச் செல்கிறது. அதே மாநிலத்து மூவார் நகர் அத்தொழிலுக்குப் பெயர் பெற்றது. வெளிறிய அம்மரம் சாயமேறித் தேக்கெனவும், காலம் பல கண்ட பழம்பலகையெனவும் கோலங்கொள்வதுண்டு.

இயற்கை ஒரு மரத்தை முதுமையாக்கப் பல ஆண்டுகள் வேண்டும். வெயிலின் புறஊதாக் கதிர்கள் மேற்பரப்பின் லிக்னினைச் சிதைக்க, மழை அதனைக் கழுவ, எஞ்சிய நார் சாம்பல் நிறம் பெறும். பட்டறையிலோ கம்பித் தூரிகை மென்பகுதியைச் சுரண்டி வரிகளை எழுப்புகிறது. காடியில் இரும்புக் கம்பிநாரை ஊறவைத்த நீர், மரத்தின் துவர்ப்புப் பொருளோடு கூடிக் கருமை தருகிறது. துவர்ப்புக் குறைந்த மரத்திற்கு முதலில் தேயிலைச் சாறு பூசுவர். பல்லாண்டுப் பணி ஓரிரு நாளில் முடிந்துவிடுகிறது.

இது கலையா, பொய்யா? மரத்தைப் பளிங்கெனக் காட்டும் பூச்சினைக் கட்டடக் கலையின் பொய்யெனச் சாடினார் ஜான் ரஸ்கின், 1849இல். ஆயினும் நாடக மேடையில் நிற்கும் பழங்கதவால் ஏமாறுவார் எவருமிலர். வாய்மையின் இலக்கணத்தைப் பிறர்க்குக் கேடு விளையாமையில் வைத்தார் வள்ளுவர். அவ்வளவுகோல் கொண்டே இதனையும் அளத்தல் தகும்.

காரைக்குடிக் கடைகளில், இடிக்கப்பட்ட செட்டிநாட்டு மாளிகைகளின் தேக்குத் தூண்களும் கதவுகளும் விலைபோகின்றன. அங்கு விலை மரத்திற்கு மட்டுமன்று; அது வாழ்ந்த காலத்திற்குமாம். அவற்றினிடையே புதுமரம் வேடமிட்டு நின்றால், வாங்குவோன் பொருளிழப்பான். அதனினும் பெருங்கேடு ஒன்றுண்டு. மெய்யான பழந்தூணும் அன்றுமுதல் ஐயத்திற்குள்ளாகும். போலி, உண்மையின் மதிப்பையும் திருடிவிடுகிறது.

பழங்கட்டடத்தைச் செப்பனிடுவோர்க்கு 1964ஆம் ஆண்டின் வெனிஸ் சாசனம் நெறி வகுத்தது: புதிய பகுதி பழையதோடு இயைந்திருக்கட்டும், ஆயினும் புதியதென இனங்காணப்படட்டும். ஜப்பானின் இசே கோயில் 20 ஆண்டுகளுக்கொருமுறை புதுமரத்தால் எழுப்பப்படுகிறது. 2013இலும் அவ்வாறே நிகழ்ந்தது. அங்குப் புதுமரம் முதுமை நடிப்பதில்லை. தச்சர் வழிவழி காத்த கைத்திறனே அதன் தொன்மை.

ரப்பர் மரத்திற்கும் தனக்கென ஒரு வரலாறு உண்டு. அதன் பட்டையில் நாள்தோறும் கத்தி பதித்தோருள் நம் முன்னோர் எத்துணையோ பேர். அவ்வரலாறு இருக்க, தேக்கின் முதுமையை இரவல் வாங்குவானேன்?

தமிழ் பயிற்றுவோர்க்கும் பயில்வோர்க்கும் இக்கேள்வி உரியதே. மாங்குளத்துக் கல்வெட்டு, கி.மு. 2ஆம் நூற்றாண்டினதெனக் கருதப்படும் மெய்ச்சான்று. அத்தகைய சான்றுகள் இருக்க, ஆதாரமற்ற ஆண்டுக்கணக்குகளைத் தமிழுக்குப் பூசுவோர் பெருமை சேர்ப்பவரல்லர். உள்ள பெருமையையே ஐயுறச் செய்பவர். மாணவர் “சான்று யாது?” என வினவுங்கால், ஆசிரியர் சினவாது சான்று காட்டுதலே தமிழுக்குச் செய்யும் தொண்டாகும்.