செஞ்சோற்றுக் கடனும் கூலிக்கு ஆடுபவனும்

உண்ட வீட்டுக்கு இரண்டகம் நினையாமை தமிழர் போற்றும் அறங்களுள் ஒன்று. அவ்வறம் முழுவதையும் 'செஞ்சோற்றுக் கடன்' என்னும் ஒரு தொடருக்குள் நம் முன்னோர் அடக்கி வைத்தனர். கர்ணனை நினைக்குந்தோறும் நம் நெஞ்சம் உருகுவதற்கு அக்கடனே காரணம். பாண்டவர் தன் தம்பியர் என்று அறிந்த பின்னரும், அரியணையே தனக்கு உரியதாகும் என்று கண்ணன் எடுத்துரைத்த பின்னரும், துரியோதனனை விட்டு அவன் நீங்கவில்லை. இக்கதையைக் கேட்டு வளர்ந்த நமக்கு ஒரு வினா எழுகிறது. அரசனும் இல்லை, அரண்மனைச் சோறும் இல்லை. ஒப்பந்தத் தாளில் கையெழுத்திட்டு ஊதியம் பெறும் இக்காலத்தில் செஞ்சோற்றுக் கடன் என்று ஒன்று உண்டா? உண்டெனில் அது யாருக்கு உரியது? எந்த அளவுக்கு உரியது?

இவ்வினா நம் வாழ்வுக்கு மிக நெருங்கியது. நெருங்கியதை ஆராயும்போது விருப்பு வெறுப்புகள் குறுக்கிடும். ஆகவே தொலைவிலுள்ள ஒரு களத்தில் நின்று இதனைக் காண்போம். ஆஸ்திரேலிய விதிக் கால்பந்து ஆடப்பெறும் களம் அது.

நாம் அறிந்த கால்பந்து வேறு, இது வேறு. 1858-இல் மெல்போர்ன் நகரில் தோன்றி, 1859-இல் விதிகள் எழுதப்பெற்ற ஆட்டம் இது. நீள்வட்டத் திடலில், முட்டை வடிவப் பந்தைக் கொண்டு, பக்கத்துக்குப் பதினெட்டுப் பேர் ஆடுவர். பந்தைக் காலால் உதைக்கலாம். கையில் ஏந்தி ஓடலாம். மூடிய கையால் குத்தித் தோழனுக்கு அனுப்பலாம். எறிதல் மட்டும் கூடாது. நடுக்கம்பங்கள் இரண்டுக்கும் இடையே உதைத்துச் செலுத்தினால் ஆறு புள்ளி. அவற்றின் பக்கத்தே சென்றால் ஒரு புள்ளி. 1897-இல் விக்டோரிய மாநிலக் கழகங்களின் லீக்காகத் தொடங்கிய போட்டியே, 1990 முதல் ஆஸ்திரேலியக் கால்பந்து லீக் என்னும் பெயருடன் நாடளாவி நடைபெறுகிறது.

எந்த ஆட்டத்திலும் நாயகர் சிலரே. அவர்களுக்குச் சிலை எழுப்புவர். அவர்கள் அணிந்த எண்ணைக் குழந்தைகள் தம் சட்டையில் தைத்துக்கொள்வர். ஏனையோரோ வருவர், ஆடுவர், வேறொரு கழகத்துக்குப் போவர், மறைவர். இத்தகையோரை ஆங்கிலத்தில் 'ஜர்னிமேன்' என்று அழைப்பர். பயணத்தைக் குறிக்கும் சொல்போல் அது ஒலித்தாலும், ஒரு நாளைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லே அதன் வேர். பழைய ஐரோப்பியக் கைத்தொழிற் கூட்டங்களில் தொழிலைக் கற்று முடித்தும், தனக்கெனப் பட்டறை இல்லாமல், நாட்கூலிக்கு உழைத்தவனே ஜர்னிமேன். அவன் கற்றுக்குட்டியும் அல்லன்; முதலாளியும் அல்லன். கையில் தொழில் உண்டு. காலடியில் நிலம் இல்லை. அவனிடம் விசுவாசத்தை எதிர்பார்க்க யாருக்கு உரிமை உண்டு என்பதே நம் ஆராய்ச்சி.

முதலில், கழகங்கள் அவனை நடத்திய வரலாற்றைக் காண்போம். 1930-இல் 'கூல்ட்டர் சட்டம்' எனப்பட்ட விதி வந்தது. எத்துணைத் திறமை வாய்ந்தவனாயினும் ஓர் ஆட்டத்துக்கு மூன்று பவுண்டுக்கு மேல் தரலாகாது என்பது அதன் சாரம். வேறு கழகத்துக்குச் செல்ல விரும்புவோன் பழைய கழகத்தின் விடுப்புச் சீட்டைப் பெற்றாக வேண்டும் என்ற கட்டுப்பாடும் நெடுங்காலம் நிலவியது. பத்தாண்டு உழைத்தவர் விடுப்பின்றி மாறலாம் என்றொரு சலுகை 1973 ஆட்டப் பருவத்தையொட்டி வந்தது. டக் வேட், பாரி டேவிஸ், ஜான் ரான்டல் ஆகிய மூவரும் அதன் வழியே வட மெல்போர்ன் கழகத்தை அடைந்தனர். அதுவரை ஒருமுறையேனும் வாகை சூடாத அக்கழகம் 1975-இல் முதன்முறையாகப் பட்டம் வென்றது. சலுகையோ நெடுநாள் நீடிக்கவில்லை, விரைவிலேயே நீக்கப்பட்டது.

இவ்வரலாற்றில் நம் கருத்தை ஈர்ப்பது மற்றொரு நிகழ்ச்சி. நூறாண்டுக்கு மேல் தென் மெல்போர்னில் வேரூன்றியிருந்த ஒரு கழகம், பணமுடையால் 1982-இல் சிட்னி நகருக்குக் குடிபெயர்ந்தது. சில்வியோ ஃபோஸ்கினி என்னும் இளைய ஆட்டக்காரர் மெல்போர்னிலேயே தங்கி செயின்ட் கில்டா கழகத்துக்கு ஆட விரும்பினார். லீக் விதிகள் இடந்தரவில்லை. அவர் நீதிமன்றம் ஏறினார். அவ்விதிகள் தொழில் செய்யும் உரிமையை முறையின்றித் தடுப்பவை என்று விக்டோரிய உச்ச நீதிமன்றம் 1983-இல் தீர்ப்பளித்தது. இதிலுள்ள முரணை எண்ணிப் பார்க்க வேண்டும். பிறந்த மண்ணைக் கழகமே விட்டுச் செல்லலாம். அது நிருவாகம் எனப்படும். அக்கழகத்தை ஓர் இளைஞன் விட்டுச் சென்றால் அது துரோகம் எனப்படும். ஒரே செயலுக்கு இரண்டு பெயர் இருக்குமாயின், அங்கே பேசுவது அறம் அன்று, அதிகாரமே ஆகும்.

1986-இல் வேறொரு முறை புகுந்தது. நாட்டின் இளம் ஆட்டக்காரர்களைக் கழகங்கள் ஒன்றன்பின் ஒன்றாகத் தெரிந்தெடுத்துக்கொள்ளும் 'டிராஃப்ட்' முறை அது. பட்டியலில் கீழே நின்ற கழகத்துக்கு முதல் தெரிவு. கழகங்களிடையே சமநிலை காக்க இது நல்ல வழியே. ஆயின் எந்த நகரில் வாழ்வது, யாருக்காக ஆடுவது என்பதைப் பதினெட்டு வயது இளைஞன் தெரிந்தெடுப்பதில்லை, அவனே தெரிந்தெடுக்கப்படுகிறான். ஆண்டு முடிவில் அவன் வேண்டாதவனானால் பட்டியலிலிருந்து பெயர் நீக்கப்படும். நெடுங்காலம் ஒரே கழகத்தில் உழைத்தவர்க்குத் தாமே மாறும் உரிமை 2012-இல்தான் கிட்டியது.

இம்முறையின் ஊடே நடந்து சென்ற ஒருவரின் வாழ்வைச் சான்றாகக் கொள்வோம். மெல்போர்னுக்கு வடக்கே ஏறத்தாழ 180 கிலோமீட்டர் தொலைவில் கோல்பர்ன் ஆற்றுப் பள்ளத்தாக்கில் உள்ளது ஷெப்பர்ட்டன் நகரம். பேரிக்காய், பீச் முதலிய பழத்தோட்டங்களுக்கும், பழங்களைத் தகரப் பெட்டிகளில் அடைக்கும் ஆலைக்கும் பெயர் பெற்ற வட்டார நகரம். அவ்வூர்க் கழகமான ஷெப்பர்ட்டன் யுனைட்டெடில் ஆடி வளர்ந்தவர் மைக்கேல் பார்லோ. 1987-இல் பிறந்த அவரைப் பதினெட்டு வயதில் எந்தக் கழகமும் தெரிந்தெடுக்கவில்லை. பின்னர் மெல்போர்னுக்கு மேற்கேயுள்ள வெரிபி கழகத்தில், மாநில அளவிலான இரண்டாம் நிலைப் போட்டியில் ஆடினார். 2009-இல் அப்போட்டியின் சிறந்த இளம் ஆட்டக்காரருக்குரிய பதக்கம் பெற்றார். அவ்வாண்டின் இறுதியில், நாட்டின் மறுகோடியில், 2,500 கிலோமீட்டருக்கும் அப்பாலுள்ள ஃப்ரீமேன்டில் கழகம் தன் துணைப் பட்டியலில் அவரைச் சேர்த்துக்கொண்டது.

2010-இல் அவர் ஆடிய ஆட்டம் அனைவரையும் வியக்க வைத்தது. ஆனால் அவ்வாண்டு ஜூலையில் களத்திலேயே கால் எலும்பு முறிந்தது, பருவம் முடிந்தது. புதுமுகங்களுக்கு லீக் வழங்கும் விருதுக்கு அவர் வயது கடந்தவர். ஆயினும் ஆட்டக்காரர் சங்கம் அவ்வாண்டின் சிறந்த முதலாண்டு ஆட்டக்காரராக அவரையே அறிவித்தது. விதி தர இயலாததைத் தொழில் தோழர் தந்தனர். காயம் ஆறி மீண்டார். 2013-இல் ஃப்ரீமேன்டில் முதன்முறையாக இறுதி ஆட்டத்தை எட்டியபோது அவர் அணியில் இருந்தார். 77-க்கு 62 என்ற கணக்கில் ஹாதார்ன் வென்றது. 2016-இன் முடிவில் ஃப்ரீமேன்டில் அவரைப் பட்டியலிலிருந்து நீக்கியது. மற்றொரு கோடியிலுள்ள கோல்ட் கோஸ்ட் கழகம் ஏற்றது. இரண்டு பருவங்களுக்குப் பின் அதுவும் நீக்கியது. ஆக மொத்தம் 141 ஆட்டங்கள். பட்டம் ஒன்றும் இல்லை.

இவ்வாழ்வைக் கர்ணன் கதைக்கு அருகே வைத்து நோக்குவோம். நாம் 'விசுவாசம்' என்ற ஒரே சொல்லால் குறிப்பதில் மூன்று வேறு பொருள்கள் கலந்து கிடப்பது அப்போது புலனாகும். அவை நன்றி, கடமை, பற்று என்பன.

நன்றி என்பது முன்பு பெற்ற உதவிக்கு உரியது. வள்ளுவர் அதற்குச் செய்ந்நன்றி அறிதல் என்று ஓர் அதிகாரமே வகுத்தார். ஓர் இளைஞனைப் பெருங்கழகம் உருவாக்குவதில்லை. ஊர்த் திடலில் கோடு போட்டவரும், சட்டைகளைத் துவைத்தவரும், சிறுவர்களை வண்டியில் ஏற்றி அயலூர் அழைத்துச் சென்றவரும் அவனை உருவாக்குகின்றனர். இவர்கள் ஒப்பந்தம் கேட்பதில்லை. அவன் போகும்போது தடுப்பதுமில்லை. நன்றிக்கடனை உள்ள இடத்திலேயே இருந்து தீர்க்க வேண்டும் என்பதும் இல்லை. பெருங்கழகங்கள் கைவிட்ட பின் பார்லோ வெரிபிக்கே திரும்பினார். பின்னர் அதன் தலைமைப் பயிற்சியாளரானார். 2024-இல் அக்கழகம் மாநிலப் பட்டத்தை வென்றது. 1993-க்குப் பின் அதற்குக் கிட்டிய முதற்பட்டம் அது. எவரும் தேடாதிருந்த நாளில் இடங்கொடுத்த திடலுக்கு அவர் உழைப்பு திரும்பிச் சென்றது.

கடமை என்பது இன்று பெறும் ஊதியத்துக்கு உரியது. இதில் சமரசம் இல்லை. இவ்வாட்டத்தில் 'ஒரு சதவீதச் செயல்கள்' என்று சிலவற்றைக் கணக்கெடுப்பர். எதிரி உதைக்கும் பந்தின்மேல் கைகளை விரித்துப் பாய்வது, எதிரியின் கைக்கு எட்டும் பந்தை முந்திக் குத்தித் தள்ளுவது போன்றவை அவை. இவற்றால் புள்ளிப் பலகையில் ஓர் எண்ணும் ஏறாது. உடலில் காயம் ஏறும். நேற்று வந்து நாளை போகவிருப்பவனும் இவற்றைச் செய்கிறான். ஏன்? கழகத்தின் கொடிக்காக என்பதைவிட, பக்கத்தில் நிற்பவன் தன்னை நம்பி நிற்கிறான் என்பதற்காக. கூலிக்கு உழைப்பவனின் கண்ணியம் இங்கேதான் இருக்கிறது. கூலி உழைப்பை வாங்கலாம். அவ்வுழைப்பின் நேர்மையை வாங்க இயலாது. அதை அவனே தருகிறான்.

மூன்றாவது, பற்று. இது இரு கரைக்கும் இடையே கட்டும் பாலம் போன்றது. ஒரு கரையில் மட்டும் நிற்காது. கர்ணனின் பிறப்பை இகழ்ந்து அவை நகைத்தபோது அவனை அங்க நாட்டுக்கு அரசனாக்கியவன் துரியோதனன். இறுதிவரை அவன் கர்ணனைக் கைவிடவில்லை. கால் முறிந்தது, வயது ஏறியது என்று பட்டியலிலிருந்து பெயரை நீக்கியவன் அல்லன் அவன். எனவே கர்ணன் காட்டிய பற்று, பெற்ற பற்றுக்கு ஈடானது. கைவிடும் உரிமையைத் தன்னிடம் வைத்துக்கொண்டு, கைவிடாமையைத் தொழிலாளியிடம் மட்டும் கேட்கும் நிறுவனத்துக்குக் கர்ணனைச் சான்று காட்டத் தகுதி இல்லை.

இங்கு ஒரு மறுப்பு எழலாம். தந்தை வழியாகவும் பாட்டன் வழியாகவும் ஒரே கழகத்தை நேசித்துவரும் ஆயிரமாயிரம் மக்களின் அன்பு பொய்யா? பொய்யன்று, அது தூயது. யாரும் கேளாமல் தரப்படுவதாலேயே தூயது. தம் அன்பைத் தருவது அவர்கள் உரிமை. அதே அன்பைப் பட்டியலில் இடம் உறுதியில்லாதவனிடம் கடனாக வசூலிப்பது உரிமையாகாது. எல்லாம் கூலிக் கணக்கானால் ஆட்டம் சந்தையாகிவிடாதா என்றும் கேட்கலாம். நேர்மையான கடமை எஞ்சியுள்ளவரை சந்தையிலும் மானம் எஞ்சும். கடமை தேய்ந்து பற்று மட்டும் முழங்கும் இடத்திலோ, வீண் ஆரவாரம் தவிர வேறில்லை.

மாற்றல் ஆணையோடு மாநிலம் கடந்து வந்து குடியேறியுள்ள நம்மவர்க்கு இது அயலார் கதை அன்று. பிறந்த மண்ணுக்கு உண்மையாக இல்லை என்று அங்கும், வந்த மண்ணில் ஒட்டவில்லை என்று இங்கும் குறை கேட்டுப் பழகியவர் நாம். இரண்டு இடத்தும் முழுப்பற்றைக் காட்ட இயலாமையை எண்ணி வருந்துவோரும் நம்மிடையே உண்டு. அவர்கள் மேற்சொன்ன மூன்றையும் பிரித்து நோக்குவாராக. ஊருக்கு நன்றி, பணிக்குக் கடமை, பற்றைத் தருவோர்க்குப் பற்று. உரியதை உரியவர்க்குத் தந்தவன் எவருக்கும் கடன்பட்டவன் அல்லன்.

சிலை இல்லாத ஆட்டக்காரர்கள் ஒவ்வோர் ஆண்டும் ஓசையின்றிக் களத்தை விட்டு இறங்குகின்றனர். அவர்கள் தடுத்த பந்துகள் எந்தப் புள்ளிப் பலகையிலும் இல்லை. ஆயினும் அவை கம்பத்தைக் கடக்கவில்லை. அன்றன்று உண்ட சோற்றுக்கு அன்றன்று உழைத்துத் தீர்த்த கடன் அது. இக்காலத்தில் செஞ்சோற்றுக் கடன் என்று ஒன்று உண்டெனில், அதுவே என்று நாம் துணிகிறோம்.