யாருக்காகச் சொன்ன உண்மை?

1939இல் கே. சுப்ரமணியம் கல்கியின் கதையை வைத்து ‘தியாக பூமி’ எடுத்தார். காங்கிரஸ் மணம் வீசிய படம். மறுவருடமே வெள்ளைக்கார அரசு அதைத் தடை செய்தது. அதே மனிதர் 1945இல் ‘மானசம்ரட்சணம்’ எடுத்தார். ஜப்பானுக்கு எதிரான படம். அதாவது, தன் படத்தைத் தடை செய்த அரசின் யுத்தப் பிரச்சாரத்துக்கு உதவிய படம்.

விலை போய்விட்டார் என்று சட்டுனு சொல்லிவிடலாம். ஆனால் போர்க்காலத்தில் கச்சா பிலிம் அரசின் கையில் இருந்தது. ஒரு படம் 11,000 அடியைத் தாண்டக் கூடாது. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் ‘பர்மா ராணி’ எடுத்ததும் அதே வருடம்தான். இத்தாலியில் ரோசெலினி எதிர்த்திசையில் போனார். 1941இல் முசோலினியின் கடற்படைக்காக ‘வெள்ளைக் கப்பல்’, 1945இல் ‘ரோம், திறந்த நகரம்’. அவரை உலகம் கொண்டாடுகிறது. கடைசியில் நின்ற இடம் சரி, அவ்வளவுதானோ என்று தோன்றும்.

பினாங்கிலிருந்து பார்த்தால் கணக்கு இன்னும் சிக்கல். 1941 டிசம்பரில் ஜப்பான் இந்தத் தீவைப் பிடித்தது. இங்கே நடந்த சுயராஜ் பயிற்சி நிலையத்தில் பயின்ற வக்கம் அப்துல் காதர் ஜப்பானிய நீர்மூழ்கியில் கேரளக் கரைக்குப் போய், பிடிபட்டு, 1943 செப்டம்பர் 10இல் சென்னைச் சிறையில் தூக்கிலிடப்பட்டார். அவரைத் தூக்கிலிட்ட அரசுக்குத்தான் இரண்டு வருடம் கழித்து அந்தப் படம் உதவியது.

அதற்காக ஜப்பான்காரன் கொடியவன் என்று சொன்னது பொய்யாகிவிடுமா? இங்குள்ள தோட்டங்களிலிருந்து சயாம் ரயில்பாதைக்குக் கொண்டுபோன தமிழர்களில் பல்லாயிரம் பேர் திரும்பவே இல்லை. ஆக, ஜப்பானைப் பற்றி அரசு சொல்ல விரும்பியது உண்மை. இதுதான் எனக்கு உறுத்துகிறது. பொய்யாக இருந்தால் தீர்ப்பு சுலபம். அதே யுத்தத்தின் நடுவில், 1943இல், வங்காளத்தில் லட்சக்கணக்கானோர் பசியில் செத்தார்கள். அந்த உண்மையைப் படமெடுக்க யாராவது பிலிம் கொடுத்திருப்பார்களா?

நான் பாயான் லெப்பாஸில் பொறியாளன். ரிப்போர்ட்டில் பொய் எழுதச் சொல்லி என்னை யாரும் கேட்டதில்லை. எந்த கிராப் உள்ளே போகணும், எது வேண்டாம் என்றுதான் சொல்வார்கள். கொஞ்ச நாளில் அதைச் சொல்லவும் தேவைப்படுவதில்லை, நமக்கே தெரிந்துவிடும்.

சுப்ரமணியத்தைத் துரோகி என்று நான் சொல்ல மாட்டேன். உண்மையைத்தானே சொன்னார் என்ற சமாதானமும் ஒப்பவில்லை. ஏன் எடுத்தீர்கள் என்று அவரிடம் கேட்க எனக்கு ஆசையில்லை. யாரும் சொல்வதற்கு முன்பே நீங்களாகக் கைவிட்ட காட்சி எது என்று கேட்பேன்.