'நாம்' என்னும் சொல்

மாலை வேளையில் கடற்கரையிலிருந்து தாம்பரம் வரும் மின்சார இரயிலில், பெட்டியின் தகரச் சுவரைத் தட்டித் தாளமிட்டுக் கானா பாடிவரும் கல்லூரி மாணவர்களை நம்மில் பலர் கண்டிருப்போம். அவர்கள் நடுவே 'ரூட்டு தல' என்றொருவன் நிற்பான். சென்னையின் பேருந்துத் தடங்களிலும் இரயில் தடங்களிலும் இத்தகைய தலைவர்கள் தோன்றிப் பல ஆண்டுகள் ஆகின்றன.

இதன் தொடக்கம் தீயதன்று. நாள்தோறும் தங்களைச் சுமந்துசென்ற ஓட்டுநருக்கும் நடத்துநருக்கும் மாலையிட்டு மாணவர்கள் நன்றி கூறிய விழாவே 'பஸ் டே'. நன்றியில் பிறந்த அவ்விழா, நாளடைவில் பேருந்தின் கூரைமேல் ஏறி வலிமை காட்டும் களமாயிற்று. 2011-இல் சென்னை உயர்நீதிமன்றம் அதற்குத் தடை விதித்தது. ஆயினும் பகை ஓயவில்லை. 2019 சூலையில் அரும்பாக்கத்தில் பட்டப்பகலில் மாணவர்கள் பட்டாக்கத்தியால் வெட்டப்பட்டனர். வெட்டியவர்களும் அவர்களது கல்லூரியினரே. 2024 அக்டோபரில் சென்ட்ரல் இரயில் நிலையத்தருகே தாக்கப்பட்ட மாநிலக் கல்லூரி மாணவர் ஒருவர் மருத்துவமனையில் உயிர்நீத்தார்.

போலந்தின் கிராக்கோவ் நகரிலும் இதே கதைதான். 1906-இல் தோன்றிய விஸ்வா, கிராக்கோவியா என்னும் இரு கால்பந்துக் கழகங்களின் ஆட்டத்துக்குப் 'புனிதப் போர்' என்றே பெயர். அவற்றின் ரசிகர் கும்பல்கள் கத்தியும் கோடரியும் ஏந்தியதுண்டு. அந்நகரின் பேராயராய் இருந்த திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பர் 2005 ஏப்ரலில் மறைந்தபோது, இரு தரப்பினரும் ஒரே திருப்பலியில் சேர்ந்து நின்றனர். அந்த அமைதி நீடிக்கவில்லை. கண்ணீர் சேர்த்தவர்களைப் பழக்கம் மீண்டும் பிரித்தது.

அப்படியானால் பற்றுறுதி என்பது தன்னளவிலேயே அறமாகுமா? கொள்ளையர் கூட்டத்துக்கும் தலைவனும் உடன்படிக்கையும் பங்கீட்டு ஒழுங்கும் உண்டு என்று தூய அகுஸ்தினார் 'இறைவனின் நகர்' நூலில் சுட்டுகிறார். நீதியின்றி ஒற்றுமை மட்டும் இருந்தால் போதாது என்பதே அதன் பொருள். நண்பன் கத்தியை எடுக்கும்போது அவன் கையைப் பிடித்துத் தடுக்க ஒருவனுக்கு உரிமை உண்டா? உண்டெனில் அது நட்பு. இல்லையெனில், பாட்டும் கொட்டும் எத்துணை இனிமையாயினும், அது அடிமைத்தனமே.

இவ்விளைஞர்களைப் பழிப்பது எளிது. இவர்களுள் பலர் தம் குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரி வாயிலை மிதித்தவர்கள். பெயர் சொல்லி அழைக்க ஆளில்லாத மாநகரில், அந்தத் தடமே அவர்களுக்கு ஒரு முகவரி தந்தது. அந்த இடத்தை நாம் தந்தோமா?

நம் பங்குகளையும் எண்ணிப் பார்ப்போம். திருவிழாத் தேர் எந்தத் தெருவில் முதலில் திரும்புவது என்று நாம் சண்டையிட்டதில்லையா? கல்லறையிலும் சாதி பார்த்ததில்லையா?

அந்த மாணவர் இறந்த வாரம், எனக்குத் தெரிந்த இளைஞன் ஒருவனிடம் அதைப் பற்றிக் கேட்டேன். "அவன் வேற காலேஜ், ஃபாதர்" என்றான். அவனிடம் வன்மம் இல்லை. அந்தச் சாவு தன்னைச் சேர்ந்ததன்று என்ற அமைதிதான் இருந்தது. கண்டிக்க வாயெடுத்தேன். தொலைக்காட்சியில் அயலூர்ச் சாவுகளைப் பார்த்தபடியே நான் உணவருந்திய இரவுகள் நினைவுக்கு வந்தன. பேசாமல் அவனருகில் அமர்ந்தேன்.