ஒரே கூரையின் கீழ் இருப்பவர் யார்?

அமெரிக்காவில் மருத்துவக் காப்பீடு பெரும்பாலும் வேலையோடு சேர்ந்து வருவது. ஊழியருக்குக் கிடைப்பது அவருடைய கணவருக்கோ மனைவிக்கோ கிடைக்கும். ஆனால், பல்லாண்டு ஒன்றாக வாழ்ந்த தன்பாலின இணையருக்கு வெகுகாலம் அது கிடைக்கவில்லை. எய்ட்ஸ் ஆயிரக்கணக்கானோரைக் கொண்டுபோன சான் பிரான்சிஸ்கோவில், அதை வெறும் அலுவலக விதி என்று விட்டுவிட முடியவில்லை. 1996 நவம்பரில் அந்த நகரம் ஒரு சட்டம் கொண்டுவந்தது. நகரத்தோடு ஒப்பந்தம் செய்யும் எந்த நிறுவனமும், மணமான ஊழியரின் துணைக்குத் தரும் சலுகைகளை, பதிவு செய்துகொண்ட இணையருக்கும் தர வேண்டும்.

கத்தோலிக்கத் திருச்சபைக்குச் சங்கடம் அங்கே தொடங்கியது. அதன் தொண்டு அமைப்பான கத்தோலிக் சாரிட்டீஸ் நகரத்தின் பணத்தைப் பெற்றுத்தான் பல தொண்டுகளை நடத்திவந்தது. மணமாகாத இணையரைத் தம்பதியருக்கு நிகராக ஏற்கச் சொல்வது மதச் சுதந்திரத்தில் கைவைப்பது என்று அந்நகரின் பேராயர் வில்லியம் லெவாடா எதிர்த்தார். 1997 தொடக்கத்தில் இரு தரப்பும் ஓர் உடன்பாட்டுக்கு வந்தன. ஊழியர் தன்னோடு ஒரே வீட்டில் வாழும் ஒருவரைப் பெயர் குறித்துக் கொடுத்தால் போதும். அவர் தாயாக இருக்கலாம், தங்கையாக இருக்கலாம், காதலராகவும் இருக்கலாம். என்ன உறவு என்று நிர்வாகம் கேட்காது.

இதைச் சமாளிப்பு என்று தள்ளிவிடுவது நியாயமாகாது. மருத்துவ உதவி பெறுவது மனிதரின் உரிமை என்று திருத்தந்தை 23-ஆம் ஜான் 1963-இல் வெளியிட்ட ‘பாச்செம் இன் தெரிஸ்’ சுற்றுமடல் சொல்கிறது. மனிதராகப் பிறந்ததே தகுதி என்றால், நோயாளி யாரோடு வாழ்கிறார் என்று விசாரிக்க வாசலில் ஆள் நிறுத்த வேண்டியதில்லை. லெவாடாவின் வழி, காப்பீட்டைத் திருமணத்தின் பரிசாகப் பார்க்காமல் வீட்டாரின் தேவையாகப் பார்த்தது. விதவைத் தாயைக் காக்கும் மகளுக்கும் அதனால் பயன் உண்டு.

ஆனாலும் ஒரு குறை இருக்கிறது, அது சிறியதல்ல. இணையர் கேட்டது மருந்துச் செலவை மட்டுமல்ல. தங்கள் வாழ்வும் வாழ்வுதான் என்ற அங்கீகாரத்தையும் கேட்டார்கள். காப்பீட்டு அட்டை கைக்கு வந்தது. உறவோ பெயரில்லாமலே நின்றது. உறவைக் கேட்காமல் விடுவது கண்ணியமாகவும் இருக்கலாம், முகத்தைத் திருப்பிக்கொள்வதாகவும் இருக்கலாம். சான் பிரான்சிஸ்கோவில் அது இரண்டுமாகவே இருந்தது.

வாஷிங்டனில் 2010 மார்ச்சில் தன்பாலினத் திருமணம் சட்டமானபோது, அந்நகரின் கத்தோலிக் சாரிட்டீஸ் நேர்மாறான வழியில் போனது. ஏற்கெனவே காப்பீட்டில் இருந்த துணைகளை விட்டுவைத்தது. புதிதாக வரும் ஊழியர் எவருடைய துணைக்கும் இனிக் காப்பீடு இல்லை என்றது. சமத்துவம் வந்தது, ஆனால் எல்லோரிடமிருந்தும் பறித்து வந்தது. பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன் அதே திருச்சபையின் பேராயர் ஒருவர் வாசலை அகலப்படுத்திக் காட்டியிருந்தார். இங்கே அது மூடப்பட்டபோது வெளியே நின்றவர்களில், கோயிலில் குருவின் முன் மணமுடித்த தம்பதியரும் அடக்கம்.